இரங்கற்பா பற்றிய தகராறு

என் விமர்சனக் கட்டுரைகளுக்கு யாழ்ப்பாணக் குடாநாட்டில் ஒரே ஒரு வாசகர்தான் இருந்தார். அவருக்கும் அவை பிடிப்பதில்லை.

அவர் நெல்லியடியில் இருந்தார். ஆங்கில ஆசிரியராக இருந்து இளைப்பாறியவர். ஊரில் எல்லாருக்கும் அவர் மாஸ்டர், எனக்கும் அப்படியே. நான் உடுவிலில் தனியாக இருந்தேன். பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியம் படிப்பித்துக்கொண்டு, விக்டோரியா காலத்துக் கவிஞர்களையும் நாவலாசிரியர்களையும், அவர்களுக்குப் பின்னால் வந்த நவீனர்களையும் பற்றித் தமிழில் ஒரு நூல் எழுதிக்கொண்டிருந்தேன். யாரும் கேட்காத நூல். எழுதாமல் இருக்கவும் என்னால் முடியவில்லை.

அதன் முதல் வடிவம் எண்பத்து மூன்றாம் ஆண்டு ஆடிக் கலவரத்தில், கொழும்பில் நான் வாடகைக்கு இருந்த அறையோடு எரிந்துபோயிற்று. அகதிகளை ஏற்றி வந்த கப்பலில் காங்கேசன்துறையில் இறங்கியபோது என் கையில் ஒரு பையும், அதற்குள் யாரோ தந்த ஒரு சேலையும் இருந்தன. அம்மாவும் அப்பாவும் அதற்கு முன்பே காலமாகியிருந்தார்கள். பூட்டிக் கிடந்த வீட்டைத் திறந்து, கூட்டிக் கழுவி, மேசையைச் சன்னலோரம் இழுத்துப் போட்டு, முதலிலிருந்து தொடங்கினேன். தொடங்கியபோது இருந்த கோபத்தில் ஓர் ஆண்டிலேயே முடித்துவிடலாம் என்று நினைத்தேன்.

அப்போது என்னோடு இலக்கியம் கதைக்க ஆட்கள் இருந்தார்கள். பிறகு ஒவ்வொருவராகப் போகத் தொடங்கினார்கள். ஒருவர் லண்டனுக்கு, ஒருவர் அவுஸ்திரேலியாவுக்கு, ஒருவர் எங்கே போகிறார் என்று சொல்லாமலே. ஒவ்வொருவருக்கும் பிரியாவிடை வைத்தோம், பற்றீசும் வாழைப்பழமும் தேநீருமாக. கடைசியாகப் போனவருக்குப் பிரியாவிடை வைக்க நான் மட்டும்தான் மிச்சம். இரண்டு பேரும் ஒரு தேநீர்க்கடையில் வடை சாப்பிட்டோம். அவர் தன் குடையை எனக்குத் தந்துவிட்டுப் போனார்.

கனடாவில் இருந்த அண்ணையும் விடாமல் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். கொழும்புக்குப் போயிருந்த ஒரு முறை தொலைபேசியில் பிடித்துக்கொண்டார். "உந்தப் புத்தகமெல்லாம் இஞ்சை நூலகத்திலை அடுக்கி வைச்சிருக்கிறாங்கள். அங்கை இருந்து விளக்குக்குத் திரி முறுக்கிறதிலை என்ன கண்டனி?" என்றார். நியாயமான கேள்விதான். எனக்கு அங்கே படிப்பிக்க வேண்டியிருக்கிறது, பிள்ளைகள் பரீட்சை எடுக்கப் போகிறார்கள் என்று ஏதோ சொல்லிச் சமாளித்தேன். நெல்லியடியில் ஒரு கிழவர் என் கட்டுரைக்குப் பதில் எழுதிக்கொண்டிருக்கிறார், அதைப் பார்க்காமல் வர முடியாது என்று சொல்லியிருந்தால், அண்ணை என்னை வைத்தியரிடம் காட்டச் சொல்லியிருப்பார்.

எங்கள் தகராறு ஒரு சிற்றிதழில் தொடங்கியது. விக்டோரியா காலத்து இரங்கற்பாக்களைப் பற்றி மாஸ்டர் ஒரு கட்டுரை எழுதியிருந்தார். இறந்தவருக்காக ஆண்டுக்கணக்கில் பாடிய அந்த நெடும் பாட்டுகள்தாம் மனிதத் துக்கத்தின் உண்மையான அளவு என்பது அவருடைய கட்சி. எனக்கு அதைப் படித்ததும் பற்றிக்கொண்டு வந்தது. அந்தக் கவிஞர்கள் அழவில்லை, அழுகைக்குச் சோடனை செய்தார்கள் என்று நான் மறுத்தேன். உலகப் போருக்குப் பின் வந்த நவீனர்கள் நாலு வரியில் சொல்லிவிட்டு வாயை மூடிக்கொண்டார்களே, அதுதான் துக்கம் என்று எழுதினேன். அடுத்த இதழிலேயே அவர் பதில் வந்தது. நவீனர்கள் வாயை மூடியது துக்கத்தால் அல்ல, கூச்சத்தால் என்றிருந்தார்.

அந்தச் சூட்டோடு ஒரு சனிக்கிழமை சைக்கிளை எடுத்துக்கொண்டு நெல்லியடிக்குப் போனேன். வல்லை வெளியில் எதிர்க்காற்று. பாதி வழி உருட்டித்தான் போக வேண்டியிருந்தது. படலையைத் திறந்துகொண்டு போய் நான் யார் என்று சொன்னதும், மாஸ்டர் கண்ணாடியை இறக்கிவிட்டு என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"நீர்தானோ உந்தக் கட்டுரை எழுதினது? ஆரோ வயசுபோன மனுசனாக்கும் எண்டு நினைச்சன். அவ்வளவு எரிச்சல்."

"நான்தான் மாஸ்டர்."

"அப்ப இரும். தேத்தண்ணியைக் குடிச்சிட்டுச் சண்டை பிடிப்பம்."

அவருடைய மனைவி தேத்தண்ணியும் பனங்கட்டியும் கொண்டுவந்து வைத்துவிட்டு, கதவு நிலையில் சாய்ந்துகொண்டு நின்றார். நாங்கள் மத்தியானம் வரை கத்தினோம்.

"துக்கம் எண்டது ஒருக்காச் சொல்லி முடிக்கிற காரியமில்லை, பிள்ளை. சொன்னதையேதான் திருப்பித் திருப்பிச் சொல்ல வேண்டிவரும். செத்தவீட்டிலை போய்ப் பாரும்."

"செத்தவீட்டிலை அழுகிற சனம் அழுகிறதை அச்சடிச்சுக் குடுக்கிறேல்லை, மாஸ்டர்."

"அச்சடிக்கிறேல்லையோ? எங்கடை கல்வெட்டு பேந்து என்னவாம்?"

கல்வெட்டு என்று எங்கள் ஊரில் சொல்வது, ஒருவர் இறந்து முப்பத்தோராம் நாள் அந்தியேட்டியில், வந்த சனத்துக்கெல்லாம் கொடுக்கிற சின்னப் புத்தகத்தை. இறந்தவரின் படம், வம்ச வரலாறு, பதிகங்கள், பிறகு மனைவி புலம்பல், மக்கள் புலம்பல், மருமக்கள் புலம்பல் என்று வரிசையாகப் பாட்டு. அவற்றை எழுதித் தருவதற்கென்று ஊரில் ஒரு புலவர் இருப்பார். இறந்தவரை அவர் கண்டிருக்க வேண்டுமென்பதில்லை. மாஸ்டர் வெற்றிப் புன்னகையோடு பனங்கட்டியைக் கடித்தார். நான் ஆத்திரத்தோடு வீட்டுக்கு வந்து, அன்றைக்கே அடுத்த கட்டுரையைத் தொடங்கினேன். அவ்வளவு சந்தோசமாக நான் எழுத உட்கார்ந்தது அந்த ஊருக்கு வந்தபிறகு அதுதான் முதல் தடவை.

பிறகு போர் முற்றி, சிற்றிதழ் நின்றுபோயிற்று. மின்சாரம் போயிற்று, மண்ணெண்ணெய் போயிற்று, கடதாசி கண்ணால் காண முடியாத சாமானாயிற்று. எங்கள் தகராறு மட்டும் நிற்கவில்லை. நெல்லியடிப் பக்கம் போகிறவர்கள் கையில் நான் என் கட்டுரையைக் கொடுத்துவிடுவேன். சில கிழமை கழித்து அவர் மறுப்பு யார் கையிலாவது வரும். கட்டுரையும் திரும்பி வரும். அதில் ஏதாவது ஒரு வாக்கியத்தின் கீழே பென்சிலால் மெல்லிய கோடு ஒன்று இழுத்திருப்பார். நான் மிகவும் மெச்சிக்கொண்ட வாக்கியமாகத்தான் அது இருக்கும். எழுதும்போதே, எங்கே கோடு விழும் என்று யோசித்து யோசித்து எழுதுவேன். ஒருமுறைகூட என் ஊகம் சரிவந்ததில்லை. நான் பயந்த இடத்தை விட்டுவிட்டு, நான் காவலே போடாத இடத்தில் வந்து பிடிப்பார்.

நாவலாசிரியர்களிலும் எங்களுக்கு ஒத்துப்போகவில்லை. விக்டோரியா காலத்து நாவல்கள் கலியாணத்திலும் சொத்துப் பிரிப்பிலும் போய் முடிவது எனக்கு எரிச்சல். "எங்கடை ஆக்களுக்கு வேறை எதிலை முடியும்?" என்பது மாஸ்டரின் நியாயம். அவருடைய அலுமாரியில் இருந்த நூல்கள்தாம் எனக்கு நூலகம். மூன்று பாகமாக வந்த ஒரு நாவலின் நடுப்பாகத்தை யாரோ வாங்கிப்போய்த் திருப்பித் தரவில்லை என்று, ஒவ்வொரு புத்தகத்தையும் தரும்போது என்னைக் கள்ளியைப் பார்ப்பதுபோலப் பார்ப்பார்.

இந்தச் சண்டைக்கு ஒரு முறை உண்டு. இரண்டு பேருமே முதல் பந்தியில் மற்றவரைப் புகழ்ந்துவிட்டுத்தான் இரண்டாம் பந்தியில் கத்தியை எடுப்போம். "எமது பெருமதிப்புக்குரிய மாஸ்டர் அவர்கள், இப்பகுதியில் ஆங்கில இலக்கியக் கல்விக்கு ஆற்றிய தொண்டு அளப்பரியது" என்று நான் தொடங்குவேன். அவரோ "எமது இளம் ஆய்வாளர்" என்று தொடங்குவார். எனக்கு அப்போது நாற்பது தாண்டிவிட்டது.

மற்ற நேரங்களில் நான் என்ன செய்தேன் என்று கேட்டால், சொல்லிக்கொள்ள ஒன்றுமில்லை. படிப்பித்தேன். வரிசையில் நின்றேன். ஒருத்திக்கு மட்டும் சமைப்பது எரிச்சல் பிடித்த வேலை, ஆகவே கடையில் வாங்கிய பாணையும் சம்பலையும் கொண்டு சமாளித்தேன். வெள்ளிக்கிழமை பின்னேரம் வீட்டுக்கு வந்தால் திங்கள் காலைவரை என் குரலை நானே கேட்பதில்லை. சில வேளை மாஸ்டரின் மறுப்பை உரத்து வாசித்து, ஒவ்வொரு பந்திக்கும் உரத்துப் பதில் சொல்வேன். அடுத்த வளவு அக்கா ஒருநாள் வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்து, "ஆரும் வந்திருக்கினமோ?" என்று கேட்டார். "ஓம்" என்று சொல்லிவிட்டேன்.

தொண்ணூற்று நாலாம் ஆண்டு மாரியில் நூலின் கடைசிக் கட்டுரையை முடித்தேன். அது இரங்கற்பா பற்றியது. இத்தனை ஆண்டுத் தகராறுக்கும் முடிவு கட்டுகிற கட்டுரை. அவர் முதல்நாள் என் வாயை அடைத்த அந்தக் கல்வெட்டையே எடுத்து அவர்மேல் திருப்பியிருந்தேன். விக்டோரியா காலத்து இரங்கற்பாவும் எங்கள் கல்வெட்டுப் புலம்பலும் ஒரே அச்சில் வார்த்தவை, இரண்டிலும் இறந்தவர் ஒரு சாட்டு மட்டுந்தான், எழுதுகிறவரின் திறமைக்குத்தான் அங்கே அந்தியேட்டி நடக்கிறது என்று எழுதினேன். எழுதிவிட்டு நானே சிரித்தேன். அவருடைய பதில் வந்தபின்தான் நூல் முடிந்தது என்று சொல்வேன் என்று தீர்மானித்திருந்தேன். "ஓம் பிள்ளை, நீர் சொல்லுறது சரி" என்று ஒரு தடவை அவர் வாயால் வர வேண்டும். வராவிட்டாலும் பரவாயில்லை, அந்தப் பென்சில் கோடாவது வர வேண்டும். அந்தப் பதிலுக்காகத்தான் நான் அந்த ஊரில் இருந்தேன் என்று சொன்னாலும் பொய்யில்லை.

மழை விடட்டும், இந்த முறை நானே கொண்டுபோய்க் கொடுத்து, அவர் முகத்தைப் பார்க்க வேண்டும் என்று வைத்திருந்தேன். மழை விடுவதற்கு முன் மாஸ்டருக்குச் சளி பிடித்து நெஞ்சில் இறங்கிவிட்டது. மருந்து தேடி அலைந்திருக்கிறார்கள், கிடைக்கவில்லை. எனக்குத் தெரியவந்தபோது சுடலைக்குக் கொண்டுபோய் எரித்தும் ஆயிற்று.

நான் போய்ச் சேர்ந்தபோது வீட்டில் பந்தல் மட்டும் நின்றது. அவருடைய மூத்த மருமகன் என்னைக் கூப்பிட்டு இருத்தினார். நல்ல மனிதர், கூட்டுறவுச் சங்கத்தில் வேலை. "கல்வெட்டுக்கு மாமாவின்ரை இலக்கியத் தொண்டைப் பற்றி ஒரு கட்டுரை வேணும். உங்களை விட்டால் அதை எழுத இஞ்சை வேறை ஆரும் இல்லை, மிஸ்" என்றார். அது உண்மைதான். ஒப்புக்கொண்டேன்.

எழுதுவதற்கு வீட்டில் வெறுந்தாள் இல்லை. பழைய விடைத்தாள்களின் பின்பக்கம்கூட முடிந்துவிட்டது. ஒரு பக்கம் வெறுமையாக இருந்தது அந்தக் கடைசிக் கட்டுரையில்தான். அதை வாசிக்க வேண்டியவர் போய்விட்டார், இனி அது எதற்கு என்று, தாள்களைக் கவிழ்த்து வைத்து, அஞ்சலிக் கட்டுரையைப் பின்பக்கத்தில் எழுதினேன். முன்பக்கத்துக்குக் குறுக்கே ஒரு கோடு போட்டிருக்கலாம். பேனையை வைத்துப் பார்த்தேன், மனம் வரவில்லை. அஞ்சலி பரிசளிப்பு விழாப் பேச்சு மாதிரித்தான் வந்தது. பிறந்த ஊர், கற்ற கல்லூரி, ஆற்றிய தொண்டு. திருத்துவதற்குத் தெம்பு இல்லை. நெல்லியடிக்குப் போகிற ஒருவரிடம் கொடுத்து அச்சகத்துக்கு அனுப்பிவிட்டேன்.

அச்சுப்படி பார்க்கப் போக முடியவில்லை. வல்லைப் பக்கம் ஷெல் விழுந்துகொண்டிருந்த கிழமை அது. மருமகன்தான் பார்த்திருக்கிறார். கல்வெட்டில் எங்கள் ஆட்கள் பார்ப்பது ஒன்றே ஒன்றுதான், யாருடைய பெயராவது விடுபட்டுப்போயிற்றா என்பது. அதனால் வரும் கோபதாபம் இரண்டு தலைமுறைக்கு நிற்கும்.

அந்தியேட்டி அன்று வெயில் எறித்தது. வழக்கமாகக் கிரியை செய்யும் கீரிமலை இராணுவத்தின் கையில் இருந்த காலமாகையால் பக்கத்துக் கடலிலேயே கிரியையை முடித்துக்கொண்டு வந்திருந்தார்கள். பந்தியில் இருந்து சாப்பிட்டு எழும்பியவர்களுக்கு ஒவ்வொரு கல்வெட்டாகக் கொடுத்தார்கள். அப்பியாசக் கொப்பித் தாளில், நீலக் கோடுகளின் மேலேயே அச்சடித்த சின்னப் புத்தகம். பதிகங்களைத் தாண்டி என் கட்டுரையைத் தேடினேன். முதல் பந்தி "எமது பெருமதிப்புக்குரிய மாஸ்டர் அவர்கள்" என்று சரியாகத்தான் இருந்தது. இரண்டாம் பந்தி அஞ்சலியுடையதல்ல, மறுபக்கத்துக் கட்டுரையுடையது. அச்சுக் கோப்பவர் தாள்களைக் கவிழ்த்து வைத்திருக்கிறார். எந்தப் பக்கத்தில் தொடங்கினாலும் மாஸ்டரின் புகழ்தான் தொடங்குகிறது, பாவம், அவருக்கு எப்படித் தெரியும்? மாஸ்டரின் கருத்துகளை ஒவ்வொன்றாகப் பிடித்து வெட்டிப்போட்டு, கல்வெட்டு என்பதே ஒரு கேலிக்கூத்து என்று முடித்திருந்த என் மறுப்பு, மாஸ்டரின் கல்வெட்டிலேயே அச்சாகி, பந்தல் நிறைந்த சனத்தின் கையில் இருந்தது. என் பெயர் வேறு பெரிய எழுத்தில்.

எங்கேயாவது ஒளிய இடமில்லையா என்று பார்த்தேன். வாசிக்கத் தொடங்கியவர்களின் முகங்களைப் பார்த்தேன். யார் முதலில் எழும்பி வருவார்கள் என்று காத்துக்கொண்டு நின்றேன். ஒருவர் வந்தார். மாஸ்டரோடு ஒன்றாகப் படிப்பித்தவர். என் கையைப் பிடித்துக்கொண்டு, "அருமையான கட்டுரை, மிஸ். அவரின்ரை புலமையை வடிவாய்க் காட்டியிருக்கிறியள்" என்றார். அவர் விரல் இன்னும் முதல் பந்தியில்தான் இருந்தது. பிறகு அதை மடித்து விசிறிக்கொண்டு போனார்.

பொறுக்க முடியாமல் மருமகனிடம் போனேன். "தம்பி, என்ரை கட்டுரையிலை ஒரு பெரிய பிழை நடந்துபோச்சு."

அவர் முகம் வெளிறிப்போயிற்று. "ஆரின்ரையும் பேர் விடுபட்டுப்போச்சோ?"

"இல்லை, பேர் ஒண்டும் இல்லை."

"அப்பாடா. பயப்படுத்திப்போட்டியள். சாப்பிட்டிட்டீங்களோ?"

பின்னேரம் வரை இருந்தேன். மாஸ்டரின் ஒன்றுவிட்ட தம்பி ஒருவர், தன் இரண்டாவது மகளின் பெயருக்குப் பக்கத்தில் அவள் கணவனின் பட்டத்தைப் போடவில்லை என்று பெரிய சத்தம் போட்டார். அன்றைய தகராறு அது ஒன்றுதான். கல்வெட்டுகள் பாயிலும் கதிரையிலும் கிடந்தன. என் கட்டுரையை ஒருவரும் வாசிக்கவில்லை. தப்பினேன் என்ற ஆறுதல் கொஞ்ச நேரம் இருந்தது. பிறகு அதுவும் போய்விட்டது. நான் எழுதியதற்காக என்னை ஏசக்கூட அந்த ஊரில் இனி ஆள் இல்லை.

சொல்லிக்கொண்டு போக உள்ளே போனபோது மாஸ்டரின் மனைவி அறையில் தனியாக இருந்தார். அலுமாரிக்குப் பக்கத்தில் நிலத்தில் பாயைப் போட்டு, மடியில் கல்வெட்டை வைத்துக்கொண்டிருந்தார். அவர் கண்ணாடியின் ஒரு வில்லை உடைந்து, மாற்ற வழியில்லாமல் கனநாள்.

"பிள்ளை, இதிலை நீர் எழுதினதாம். எனக்கு எழுத்துத் தெரியேல்லை. ஒருக்கா வாசியும்."

இருந்தேன். வேறு வழியில்லை. முதல் பந்தியை மெதுவாக வாசித்து, அத்தோடு புத்தகத்தை மூடினேன்.

"இவ்வளவுதான், அம்மா."

"இல்லை, பிள்ளை. உம்மடை முதல் பந்தியை அவர் ஒருநாளும் எனக்கு வாசிக்கிறேல்லை. 'உது பிள்ளையின்ரை மரியாதை, சண்டை உங்காலைதான் துவங்குது' எண்டு சொல்லிப்போட்டு, அதைத் தாண்டித்தான் வாசிச்சுக் காட்டுறவர். நீர் மிச்சத்தை வாசியும்."

"அம்மா, இதிலை மிச்சம் முழுக்கச் சண்டைதான். அச்சகத்திலை மாறிப்போச்சு. இது செத்தவீட்டுக்கு எழுதினதில்லை."

"பறவாயில்லை, வாசியும்."

வாசித்தேன். வெளியே அண்டாக்களைக் கழுவுகிற சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. ஒரு வரியையும் மறைக்கவில்லை. புலம்பலைக் கேலி செய்த இடத்தையும் வாசித்தேன். அவர் கதவைப் பார்த்தபடி, தலையை ஒரு பக்கம் சரித்துக் கேட்டுக்கொண்டிருந்தார்.

"நல்லாத்தான் குடுத்திருக்கிறீர்" என்றார், முடிந்தபின். "இதுக்கு அவர் என்ன சொல்லியிருப்பார்?"

"எனக்கு எப்பிடித் தெரியும், அம்மா?"

"உமக்குத் தெரியாமல் ஆருக்குப் பிள்ளை தெரியும்? இவ்வளவு காலமாய் அவரோடை மாறிமாறி எழுதினனீர். யோசிச்சுச் சொல்லும். அவர் கதைக்கிறமாதிரி ஒருக்காக் கேட்டால் காணும் எனக்கு."

கட்டுரையை மறுபடி முதலிலிருந்து படித்தேன், இந்த முறை வாய்க்குள். அவர் எந்த வாக்கியத்தின் கீழே கோடு இழுத்திருப்பார் என்று ஒவ்வொரு வரியாகத் தேடினேன். அந்த மனுசி நான் ஏதோ கண்டுபிடிக்கப் போகிறேன் என்று என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். வாதம் ஒவ்வொன்றும் இறுக்கமாக இருந்தது, ஒன்றையொன்று தாங்கிக்கொண்டு நின்றது. எங்கேயோ ஒரு பிழை இருக்கத்தான் வேண்டும், அவர் பார்த்திருந்தால் ஒரு நிமிடத்தில் விரலை வைத்திருப்பார். எனக்கு அது அகப்படவில்லை. கடைசி வரிவரைக்கும் போய்ப் பார்த்தேன், ஒரு பிழையும் அகப்படவில்லை. என் வாழ்க்கையில் நான் எழுதிய எதையும் அவ்வளவு வெறுத்ததில்லை.